மிகை முகங்களும் எள்ளலின் இரு வகையும்: ஜாபர், கரகோஸ், செமார்

கார்ட்டூன் பாத்திரத்துக்கும் பொம்மலாட்டப் பாத்திரத்துக்கும் முகம்தான் மூலதனம். ஒரு நடிகன் கண்ணசைவாலும் குரலாலும் நடையாலும் மெல்ல மெல்லக் காட்டுவதை, கோட்டுச் சித்திரம் ஒரே பார்வையில் காட்டியாக வேண்டும். அதனால் மூக்கு நீளும், கண் உருளும், நாடி கூராகும், வயிறு சரியும். இந்த மிகை இல்லாவிட்டால் அந்தக் கலையே இல்லை. ஆகவே 'ஏன் இப்படிக் கோணல்மாணலாக வரைகிறார்கள்?' என்று கேட்டுப் பயனில்லை. எந்த முகம் கோணலாகிறது, எந்த முகம் நேராக விடப்படுகிறது, அதைப் பார்த்துச் சிரிப்பவர் யார் என்றுதான் கேட்க வேண்டும்.

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகை பிறக்கும் நிலைக்களன்களை நான்காக வகுத்து, அவற்றில் எள்ளலை முதலில் வைக்கிறது. உரைகாரர் பேராசிரியர் அந்த எள்ளலை மேலும் இரண்டாகப் பிரிக்கிறார். தான் பிறரை எள்ளிச் சிரிப்பது ஒன்று. பிறர் தன்னை எள்ளும்போது தானும் சிரிப்பது மற்றது. சோதனைக்குப் பாடமாக்கிவிட்டு மறந்துபோகிற இந்தப் பிரிவு, இன்றைய கார்ட்டூனை வாசிப்பதற்கு நல்ல கருவி. அதைக் கையில் வைத்துக்கொண்டு மூன்று இடங்களைப் பார்க்கலாம்: ஹொலிவூட் கட்டிய அக்ராபா நகரம், துருக்கியரின் கரகோஸ் திரை, ஜாவாவின் வயாங் திரை.

1. அக்ராபாவின் முகங்கள்

வோல்ட் டிஸ்னி நிறுவனம் 1992இல் வெளியிட்ட 'அலாவுத்தீன்', அந்த ஆண்டில் உலகளவில் ஆகக் கூடுதலாக வசூலித்த படம். ரொன் கிளெமென்ட்ஸ், ஜோன் மஸ்கர் இருவரும் இயக்கினார்கள். முப்பது வருடம் கழிந்த பிறகும் நம் வீட்டுப் புள்ளைகள் அதை உம்மாவின் போனில் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். இந்தக் கதை ஆயிரத்தொரு இரவுகளின் பழைய அரபுக் கையெழுத்துப் பிரதிகளில் இருந்ததல்ல. 1709இல் பாரிஸுக்கு வந்திருந்த அலெப்போ நகரத்து ஹன்னா தியாப் என்ற சிரியக் கிறிஸ்தவர் வாய்மொழியாகச் சொல்ல, பிரெஞ்சு மொழிபெயர்ப்பாளர் அந்துவான் கலோன் அதைத் தன் தொகுப்பில் சேர்த்துக்கொண்டார். அந்தக் கதையில் அலாவுத்தீன் சீனாவில் வாழும் பையன். டிஸ்னி அவனைச் சீனாவிலிருந்து எடுத்து, எந்த நாட்டு வரைபடத்திலும் இல்லாத ஒரு பாலைவன அரபு நகரத்தில் கொண்டுவந்து வைத்தது.

அந்த நகரத்தின் முகங்களை ஒவ்வொன்றாகப் பாருங்கள். அலாவுத்தீனுக்குத் தாடி இல்லை, சிறிய மூக்கு, அகன்ற சிரிப்பு. அவனை வரைந்த குழுவுக்குத் தலைமை தாங்கிய கிளென் கீன், ஹொலிவூட் நடிகர் டொம் குரூஸை முன்மாதிரியாக எடுத்துக்கொண்டார் என்பது பலரும் அறிந்த செய்தி. யஸ்மினுக்குக் கண் மட்டும் பெரிது, மற்றதெல்லாம் அளவானது. இருவரும் பேசுவது சாதாரண அமெரிக்க ஆங்கிலம். இனிச் சந்தைக்குள் வாருங்கள். காவலர்களுக்குத் தடித்த மூக்கு, பல் போன வாய், அடர்ந்த தாடி. வியாபாரிகளுக்கும் அப்படித்தான். இவர்கள் வாயைத் திறந்தால் அரபு வாடை அடிக்கும் ஆங்கிலம் வருகிறது. வில்லன் ஜாபருக்கோ ஒடுங்கி நீண்ட முகம், நீண்ட மூக்கு, முறுக்கிய தாடி, மை தீட்டியது போன்ற பாதி மூடிய கண். எல்லோரும் ஒரே ஊர்க்காரர், ஒரே இனத்தவர். ஆனால் நல்லவர்களின் முகத்திலிருந்து அந்த இனத்தின் அடையாளம் அழிக்கப்பட்டிருக்கிறது. கெட்டவர்களின் முகத்தில் அது இரட்டிப்பாக்கப்பட்டிருக்கிறது.

'சுல்தானும் ஜின்னும் மிகையாகத்தானே வரையப்பட்டிருக்கிறார்கள்?' என்று ஒருவர் கேட்கலாம். நியாயமான கேள்வி. சுல்தான் உருண்டைப் பந்து போன்ற சின்னக் கிழவர். ஜின்னை வரைந்த எரிக் கோல்ட்பேர்க், அமெரிக்கக் கேலிச்சித்திரக்காரர் அல் ஹிர்ஷ்பெல்டின் வளைகோடுகளைப் பின்பற்றினார். அந்த நீல உருவம் படத்தின் மிகச் சிறந்த கலை வேலை என்றே நான் சொல்வேன். மிகை அங்கே துள்ளி விளையாடுகிறது, யாரையும் குத்தவில்லை. இதனால் ஒன்று தெளிவாகிறது. அந்தக் கலைஞர்களுக்கு வேறு விதமாக மிகைப்படுத்தவும் தெரிந்திருந்தது. தெரிந்திருந்தும், பயமும் வெறுப்பும் ஊட்ட வேண்டிய இடத்தில் அவர்களுடைய கை பழகிய அரபு மூக்குக்கும் தாடிக்குமே போனது.

அந்தப் பழக்கம் டிஸ்னியில் தொடங்கியதுமல்ல. பிளெய்ஷர் நிறுவனத்தின் பொப்பாய், 1936இல் சிந்துபாத்தையும் 1937இல் அலிபாபாவின் திருடர்களையும் அடித்து நொறுக்கினான். 1957இல் பக்ஸ் பணி என்ற முயல், வாளோடு திரிகிற ஹசன் என்ற முட்டாள் ராட்சதனை ஏமாற்றியது. லெபனான் வம்சாவளியைச் சேர்ந்த அமெரிக்கப் பேராசிரியர் ஜாக் ஷாஹீன் 900க்கும் மேற்பட்ட ஹொலிவூட் படங்களைப் பார்த்து, அவற்றில் அரபிகள் எப்படிக் காட்டப்படுகிறார்கள் என்பதை 2001இல் ஒரு பெரும் நூலாக எழுதினார். அவர் காட்டிய பட்டியலில் நல்ல அரபியைத் தேடித்தான் பிடிக்க வேண்டும்.

'அலாவுத்தீன்' வெளியானதும் அமெரிக்க அரபு அமைப்புகள் எதிர்ப்புத் தெரிவித்தன. ஆரம்பப் பாடலில் அந்த நாட்டில் காதை வெட்டுவார்கள் என்ற பொருளில் ஓர் அடி இருந்தது. 1993இல் வீடியோவாக வெளியிட்டபோது டிஸ்னி அதை மாற்றியது. அந்த நாட்டைக் காட்டுமிராண்டித்தனமானது என்று சொல்லும் சொல் மட்டும் அப்படியே நின்றது. 2019இல் நடிகர்களை வைத்து எடுத்த படத்தில்தான் அதுவும் போனது. பாட்டிலே ஒரு சொல்லை எடுத்துவிட்டு இன்னொரு சொல்லைப் போடலாம். படம் முழுக்க வரைந்த மூக்கை என்ன செய்வது? எதிர்ப்பு பாட்டைத் திருத்தியது. முகங்கள் அப்படியே இருந்தன. 2019 படத்தில் ஜாபராக நடித்தவர் தூனிசிய வம்சாவளியைச் சேர்ந்த ஒல்லாந்து நடிகர் மர்வான் கென்சாரி. முகத்தில் கோணல் எதுவும் இல்லாத ஆள். அப்படியும் கதை நகர்ந்தது. அந்த மூக்கு கதைக்குத் தேவைப்பட்ட ஒன்றல்ல என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டியதில்லை.

அப்பிள் காட்சி இன்னொன்று. பசித்த சிறுவனுக்கு ஓர் அப்பிளை எடுத்துக் கொடுத்த யஸ்மினின் கையை வெட்ட வியாபாரி கத்தியை ஓங்குகிறான். பஞ்சம் வந்த ஆண்டில் உமர் (ரழி) அவர்கள் திருட்டுக்கான கைவெட்டும் தண்டனையை நிறுத்திவைத்தார்கள் என்று மத்ரசாவில் படித்த புள்ளைக்குத் தெரியும். ஆனால் அந்தக் காட்சியைப் பார்க்கும் உலகத்துப் புள்ளைகளுக்கு அது தெரியாது. அவர்களுக்குத் தெரிவதெல்லாம் கத்தியும் அதற்குப் பின்னால் இருக்கும் முகமும்தான்.

இது பேராசிரியர் சொன்ன முதல் வகை எள்ளல்: தான் பிறரை எள்ளுவது. வரைந்தவன் ஒரு பக்கம், வரையப்பட்டவன் மறுபக்கம். வரையப்பட்டவன் அந்தச் சிரிப்பில் சேர்ந்துகொள்ள இடமில்லை.

2. கரகோஸின் கறுத்த கண்

இரண்டாம் வகைக்கு உதாரணம் தேடினால் துருக்கிக்குப் போகலாம். கரகோஸ் என்றால் கறுத்த கண் என்று பொருள். பதப்படுத்தி ஒளி ஊடுருவும்படி செய்து, நிறம் தீட்டிய தோல் பொம்மை, பக்கவாட்டு முகம், அதில் ஒரு பெரிய வட்டக் கண், கறுப்புத் தாடி, தொப்பி கழன்றால் மொட்டைத் தலை. தொழிலும் இல்லை, படிப்பும் இல்லை. வாயும் கையும் மட்டும் வேகம். அவனுக்கு எதிரே ஹஜிவாத்: கூர்த்த தாடி, அரபும் பாரசீகமும் கலந்த அலங்காரப் பேச்சு. ஹஜிவாத் சொல்வதைக் கரகோஸ் வேறொன்றாகக் கேட்டுவிட்டு வேறொன்றைச் சொல்லுவான். நாடகத்தின் சிரிப்பில் பாதி அதிலேதான். உஸ்மானிய ஆட்சிக் காலத்தில் நோன்பு மாத இரவுகளில் கோப்பிக் கடைகளில் இது நடந்தது. யுனெஸ்கோ 2009இல் மனித குலத்தின் மரபுச் செல்வங்களில் ஒன்றாக இதைச் சேர்த்தது.

இந்தக் கலையை மார்க்கம் எப்படிப் பார்த்தது என்ற கேள்வி நம் வாசகருக்கு எழும். 16ஆம் நூற்றாண்டின் ஷெய்குல் இஸ்லாம் அபுஸ்ஸுஊத் எபெந்தி, படிப்பினை பெறும் நோக்கோடு நிழலாட்டம் பார்ப்பதில் குற்றமில்லை என்று பத்வா வழங்கியதாகத் துருக்கிய நாடக வரலாற்றாசிரியர்கள் குறிப்பிடுகிறார்கள். திரைக்குப் பின்னால் விளக்கு. திரையில் அசைவது நிழல். விளக்கு அணைந்தால் எதுவும் இல்லை. ஸூபிகள் இதில் துன்யாவின் நிலையைக் கண்டார்கள். ஆட்டத்தின் தொடக்கத்தில் பாடப்படும் திரைக் கஸலின் பொருளும் அதுதான். இதற்கும் முன்னால், மோசுலில் பிறந்து கெய்ரோவில் கண் வைத்தியராக இருந்து 1310இல் இறந்த இப்னு தானியால், அரபியிலே மூன்று நிழலாட்ட நாடகங்களை எழுதி வைத்துவிட்டுப் போனார்.

கரகோஸைப் பார்த்துச் சிரிக்கிற துருக்கியன் தன்னைப் பார்த்தே சிரிக்கிறான். பெரிய மனுசர் பேச்சு விளங்காத, வாடகை கட்ட வழியில்லாத, ஆனாலும் வாய் அடங்காத ஆள் அவன். அந்த வட்டக் கண் அவனை இழிவாக்கவில்லை. கூட்டத்தில் எவ்வளவு பின்னால் இருந்தாலும் அவனை அடையாளம் காண வைக்கிறது.

இதைச் சொல்லும்போது மற்றப் பக்கத்தையும் மறைக்கக் கூடாது. கரகோஸ் திரையில் அரபி, பாரசீகன், அல்பேனியன், ஆர்மீனியன், யூதன் என்று எல்லோரும் வருவார்கள். ஒவ்வொருவரும் தத்தம் உச்சரிப்பாலும் உடுப்பாலும் கேலிக்குள்ளாகிறார்கள். பெரும்பான்மையின் நகரத்தில் சிறுபான்மையாக வாழ்ந்த யூதனுக்கோ ஆர்மீனியனுக்கோ அந்தச் சிரிப்பு கோப்பியைப் போலக் கொஞ்சம் கசந்திருக்கும். அக்ராபாவில் குற்றமென்று நாம் சொன்னது இஸ்தான்பூலில் வந்தவுடன் நகைச்சுவையாகிவிடாது. வித்தியாசம் ஒன்று உண்டு: அங்கே ஆகப் பெரிய கோமாளி சொந்த வீட்டுக்காரன்தான், நாயகனின் முகத்தை மட்டும் தனியே நேராக்கி வைக்கவில்லை. இது அந்தக் குற்றத்தைக் குறைக்கும், இல்லாமலாக்காது.

3. செமாரின் மூக்கு

ஜாவாவின் வயாங் குலித் இன்னும் சிக்கலானது. அங்கே முகத்துக்கு ஓர் இலக்கணமே இருக்கிறது. பண்பட்டவனுக்கு நேர்கோட்டில் நீண்ட கூர்மூக்கு, கீற்றுப்போன்ற கண், தாழ்ந்த தலை, அர்ச்சுனன் அப்படி. முரடனுக்கும் ராட்சதனுக்கும் உருண்டைக் கண், புடைத்த மூக்கு, கோரைப்பல். பார்த்தால் இதுவும் டிஸ்னியின் கணக்குப் போலத்தான்: அழகன் நல்லவன், அவலட்சணம் கெட்டவன்.

ஆனால் அந்த இலக்கணத்தை அந்தக் கலையே மீறுகிறது. பாண்டவரின் வேலைக்காரன் செமார். சப்பை மூக்கு, தள்ளிய வயிறு, பெருத்த பின்புறம். மேடையிலேயே ஆக அவலட்சணமானவன் அவன்தான். அவன் உண்மையில் பூமிக்கு இறங்கி வந்த தேவன். அரசரும் அவன் சொல்லுக்குக் கட்டுப்படுவார்கள். நீண்ட மூக்குப் பெத்ருக் அவனுடைய மகன். ராட்சத முகம் கொண்ட கும்பகர்ணனையும் பாருங்கள். 19ஆம் நூற்றாண்டில் ஜாவாவின் நான்காம் மங்குநெகரா எழுதிய 'திரிபாமா' என்ற நூல், போர்வீரர் பின்பற்ற வேண்டிய மூவரில் ஒருவனாக அவனை வைக்கிறது. அவன் நாட்டுக்காக உயிர் கொடுத்தவன் என்பதற்காக. கம்பனில் கும்பகர்ணன் வதையைப் படித்தவருக்கு இது புதிதாக இராது.

முஸ்லிம்களாகிவிட்ட ஜாவா மக்கள் இந்தக் கலையைக் கைவிடவில்லை. சுனன் கலிஜாகா என்ற வலியோடு அதைத் தொடர்புபடுத்தி வைத்திருக்கிறார்கள். தருமனின் காவல் பொருளான 'கலிமசாடா'வுக்குக் கலிமா ஷஹாதா என்றே பொருள் சொல்கிறார்கள். ஒல்லாந்தர் காலத்தில் ஜாவா அரச குடும்பத்தவரும் போர்வீரரும் இலங்கைக்கு நாடு கடத்தப்பட்டார்கள். நமது மலாய்ச் சகோதரர்களின் வேர்களில் ஒன்று அங்கே இருக்கிறது. எனவே செமார் நமக்கு முற்றிலும் அந்நியனல்ல.

செமாரின் முகம் பார்ப்பவனைச் சோதிக்கிறது. முகத்தை வைத்து ஆளை முடிவு கட்டியவன் கதை முடிவதற்குள் வெட்கப்படுவான். ஜாபரின் முகம் எந்தச் சோதனையும் வைப்பதில்லை. முதல் காட்சியிலேயே தீர்ப்பைச் சொல்லிவிடுகிறது. கடைசிக் காட்சி வரை அது மாறுவதில்லை.

4. நமக்கு இதில் என்ன?

'என்ன சேர், கார்ட்டூன்தானே, சும்மா விடுங்களேன்' என்று சொல்வோர் உண்டு. தரம் 7இல் கதை எழுதும் பாடத்தில், கதைக்கு வருகிற கெட்ட மனுசனைப் படமாகவும் வரையுங்கள் என்றேன். வளைந்த மூக்கும் கூர்த்த தாடியும் கணிசமாக வந்தன. வரைந்த புள்ளைகளில் பலருடைய வாப்பாவுக்கும் மூத்தாப்பாவுக்கும் தாடி இருக்கிறது. இந்த நாட்டில் 2019 ஏப்ரலுக்குப் பிறகு தாடியும் தொப்பியும் பஸ்ஸிலும் சந்தியிலும் எப்படிப் பார்க்கப்பட்டன என்பதை நாம் மறக்கவில்லை. அந்தப் பார்வையை நம் புள்ளைகளே பென்சிலால் வரைகிறார்கள் என்றால், அது சும்மா விடுகிற விசயமல்ல.

தடை செய்வதும் வழியல்ல. போனைப் பிடுங்கினால் அடுத்த வீட்டுப் போன் இருக்கிறது. பாகிஸ்தானில் 2013இல் 'புர்கா அவெஞ்சர்' என்ற கார்ட்டூன் தொடர் வந்தது. அதன் வில்லன் பாபா பந்தூக்கும் தாடிக்காரன்தான். பெண் பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தை மூட வருகிறவன். அவனை எதிர்த்து நிற்பவள் அந்தப் பள்ளிக்கூடத்து ஆசிரியை ஜியா. அவளுடைய ஆயுதம் புத்தகமும் பேனாவும். தாடி மிகைதான். ஆனால் வரைந்தவனும் முஸ்லிம், எதிர்ப்பவளும் முஸ்லிம். தன் வீட்டுக் குறையைத் தானே எள்ளுகிற துணிவு அதில் இருக்கிறது. நம் மொழியில் அப்படி ஒன்று இன்னும் வரவில்லை. நம்முடைய சிறுவர் சஞ்சிகைகளில் வருகிற படங்கள்கூடப் பெரும்பாலும் எங்கிருந்தோ எடுத்து ஒட்டியவை.

அல்குர்ஆனின் 49ஆம் அத்தியாயம் 11ஆம் வசனம் ஒரு கூட்டத்தார் மற்றக் கூட்டத்தாரைப் பரிகசிப்பதைத் தடுக்கிறது. பரிகசிக்கப்படுவோர் அவர்களைவிட மேலானவர்களாக இருக்கக்கூடும் என்ற காரணத்தையும் சொல்கிறது. 30ஆம் அத்தியாயம் 22ஆம் வசனம் மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதை இறைவனின் அத்தாட்சிகளில் சேர்க்கிறது. அக்ராபாவில் கேலியாக்கப்பட்டவையும் இந்த இரண்டுதான்: பேச்சும் தோற்றமும். இந்த வசனங்களை மற்றவர் நம்மை எள்ளும்போது மட்டும் எடுத்துக் காட்டுகிறோம். நம் பாடசாலைக் கலைவிழா மேடைகளில் தோட்டத்துத் தமிழரின் பேச்சையும் சிங்கள வியாபாரியின் தமிழையும் வைத்துச் சிரிப்பு மூட்டும்போது அவை நமக்கு ஞாபகம் வருவதில்லை.

புள்ளைகளோடு இருந்து படம் பார்க்கும் பெற்றோரும் ஆசிரியரும் மூன்று கேள்விகளைக் கேட்டால் போதும். இதில் யாருடைய மூக்கு மட்டும் நீளம்? இந்த ஆளை அவனுடைய வீட்டார் பார்த்தால் சிரிப்பார்களா? அவன் கதை முடியும்போதும் நாம் முதலில் நினைத்த ஆளாகவே இருக்கிறானா? ஏழாம் வகுப்புப் புள்ளைக்கு இந்தக் கேள்விகள் விளங்கும். பதில் சொல்லப் பழகிய பிறகு பென்சிலைக் கையில் கொடுத்து, கெட்டவனை இன்னொரு தரம் வரையச் சொல்லலாம்.