யோக்-சாரனும் பாவெலின் புத்தகமும்

2016 ஏப்ரலில் பிளிஸார்ட் நிறுவனம் தன் கணினிக் கார்டு ஆட்டமான ஹார்த்ஸ்டோனை ஸ்டாண்டர்ட், வைல்ட் என்று இரண்டு முறைகளாகப் பிரித்தது. அப்போது ஸ்டாண்டர்ட் முறையில் பேசிக், கிளாசிக் கார்டுகளோடு நடப்பு ஆண்டிலும் முந்தைய ஆண்டிலும் வந்தவை மட்டுமே செல்லுபடியாயின. மற்றவற்றை வைல்டில்தான் ஆட முடிந்தது. காசு கொடுத்துச் சேர்த்த கார்டுகள் போட்டிக்கு உதவாமல் போயினவே என்று பலர் கொதித்தார்கள். அந்தக் கோபத்தில் நியாயம் உண்டு. ஆனாலும் முடிவு சரி. மனா என்பது கார்டு போடச் செலவாகும் ஆற்றல்; டாக்டர் பூம் என்ற கார்டு போட்டிகளில் இருந்தவரை ஏழு மனாவுக்கு வேறு கார்டை யோசிக்கவே பலருக்கும் காரணம் இல்லை.

கூடவே சில கிளாசிக் கார்டுகளின் பலத்தையும் குறைத்தார்கள். ட்ரூயிட் வகுப்பின் ஃபோர்ஸ் ஆஃப் நேச்சரையும் சாவேஜ் ரோரையும் ஒன்பது மனாவில் சேர்த்துப் போட்டால், களம் காலியாக இருந்தாலும் எதிராளிக்கு 14 அடி விழுந்தது. ஒரு ஆட்டக்காரரின் மொத்த உயிரே 30தான். இதை இரண்டு ஆண்டுகள் விட்டுவைத்திருக்கவே கூடாது.

இவ்வளவு செய்தவர்கள் அதே மாதம் யோக்-சாரன் என்ற கார்டையும் இறக்கினார்கள். பத்து மனா. அந்த ஆட்டத்தில் அதுவரை நாம் போட்ட மந்திரங்கள் எத்தனையோ, அத்தனை மந்திரங்களை அது கண்டபடி ஏவும். இலக்கும் அதன் இஷ்டம். தோற்கப்போகிறவர் அதைப் போட்டுவிட்டுத் திரையைப் பார்த்துக்கொண்டிருப்பார். எதிராளியும் அப்படியே. தொழில்முறை ஆட்டக்காரர்களே அதை டெக்கில் வைத்தார்கள், பலன் இருந்ததால். யோக் களத்தை விட்டுப் போனால் மந்திரங்களும் நிற்கும் என்ற திருத்தம் அக்டோபரில்தான் வந்தது.

நவம்பரில் அனாஹைமில் உலகப் பட்டத்தையும் 2,50,000 டாலரையும் வென்றார் ரஷ்யாவின் பாவெல். காலிறுதியில் அம்னீசியாக் என்ற ஆட்டக்காரருக்கு எதிராக அவர் போட்ட ஒரு மனா பேப்ளிங் புக் கார்டு, மேஜ் வகுப்பின் மந்திரங்களிலிருந்து குலுக்கலில் பாலிமார்ஃபை எடுத்துக் கொடுத்தது. எதிராளியின் வீரனை ஒன்றுக்கும் உதவாத ஆடாக மாற்றும் மந்திரம். வெறும் அதிர்ஷ்டம் என்று இன்றும் சொல்கிறார்கள். இந்தப் புத்தகத்தையும் யோக்கையும் ஒரே தட்டில் வைக்க எனக்கு மனமில்லை. புத்தகம் தருவது எதுவானாலும் அதை எங்கே, எப்போது பயன்படுத்துவது என்று ஆடுபவர்தான் முடிவெடுக்க வேண்டும். அங்கே திறமைக்கு இடம் இருக்கிறது. யோக் வந்த பிறகு அந்தச் சுற்றில் முடிவெடுக்க யாருக்கும் ஒன்றுமில்லை.

பாவெலின் பட்டத்தில் குறை காண்பது தவறு. அந்த ஆண்டின் பழி, கார்டுகளைச் சுழற்றும் துணிவு இருந்தும் யோக்கை ஐந்து மாதங்களுக்கு மேல் போட்டிகளில் விட்டுவைத்தவர்களையே சேரும்.