பாட்டிமாரின் பெஞ்சு

ஹராரே நகரின் சுகாதார நிலையங்களில், கட்டடத்துக்கு வெளியே ஒரு மரப் பெஞ்சு போட்டிருப்பார்கள். மேஜை கிடையாது. ஒரு பக்கம் பயிற்சி பெற்ற அந்தப் பேட்டைப் பாட்டி. பக்கத்தில் மனம் நொந்து வந்தவர்.

ஜிம்பாப்வே மனநல மருத்துவர் டிக்சன் சிபாண்டா 2006-இல் தொடங்கிய 'நட்புப் பெஞ்சு' இது. அவரிடம் சிகிச்சை பெற்ற இளம்பெண் ஒருவர், பஸ்ஸுக்குக் காசில்லாமல் மருத்துவமனைக்கு வர முடியாமலேயே உயிரை மாய்த்துக்கொண்டார். அதன் பிறகு ஹராரேயின் எம்பாரே பகுதியில் வேலை ஆரம்பமானது. நிதி இல்லை, டாக்டர்கள் இல்லை. கிடைத்தவர்கள் 14 பாட்டிமார்.

ரசிக்க வேண்டியது அவர்கள் பேச வைக்கும் பக்குவத்தை. முதலில் ஷோனா மொழியில் சில கேள்விகள். பிறகு பாட்டி காது கொடுக்கிறார். கணவன் அடிக்கிறான், வாடகை பாக்கி, எச்.ஐ.வி. பயம் என்று எல்லாவற்றையும் கொட்டித் தீர்த்ததும், "இதில் எதை முதலில் பார்க்கலாம்?" என்கிறார். தேர்வு வந்தவருடையது, வழியும் அவர் வாயிலிருந்தே வரவேண்டும். அறிவுரை சொல்லத் துடிக்கும் நாக்கை அடக்குவது லேசல்ல, அதுவும் பாட்டிகளுக்கு!

24 நிலையங்களில், 573 பேரிடம் நடந்த ஆய்வு 2016-இல் வெளியானது. வழக்கமான கவனிப்பு பெற்றவர்களைவிட, பெஞ்சுக்கு வந்தவர்களிடம் ஆறு மாதத்தில் மனச்சோர்வு நன்றாகக் குறைந்திருந்தது.

பெஞ்சோடு விட்டுவிடுவதுமில்லை. வந்துபோன பெண்கள் குழுவாகக் கூடி, பழைய பிளாஸ்டிக்கில் பை பின்னி விற்கிறார்கள். கொஞ்சம் வருமானம், கூடவே பேச்சுத்துணை.