நுண்ணோக்கியில் ஒரு கண்

மூன்று வருடங்களுக்கு முன் ஒரு வீடியோ காலில்தான் அந்தச் சொல்லை முதன்முதலாகக் கேட்டேன். எதிர்முனையில் ஒரு ஜெர்மன் பொறியாளர், ஓய்வு பெற இரண்டு மாதம் பாக்கி. கால் தொடங்க ஆள் சேரும்வரை நடக்கும் சில்லறைப் பேச்சில், எங்கள் டீமில் ஒருத்தர் அவர் ஊர்த் தேர்தல் பற்றி என்னவோ கேட்டார். அவர் சிரித்துக்கொண்டே, என்னிடம் கேட்காதீர்கள், நான் ஒரு ‘ஃபாக்இடியோட்’ என்றார். இடியட் என்ற பாதி எல்லோருக்கும் புரிந்தது. நாங்களும் சிரித்து வைத்தோம்.

கால் முடிந்ததும் அர்த்தம் தேடினேன். தன் துறையில் கரை கண்டவர், அதற்கு வெளியே ஒன்றும் தெரியாதவர். படித்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. எட்டு வருடமாக நான் பார்த்துக்கொண்டிருப்பது ஒரே விஷயம், நேர மண்டலங்கள். நேபாளம் ஏன் நம்மைவிடப் பதினைந்து நிமிஷம் முன்னால் இருக்கிறது, சமோவா 2011 டிசம்பர் 30 என்ற நாளையே எப்படி நாட்காட்டியிலிருந்து தூக்கியது என்றெல்லாம் கேட்டால் தூக்கத்திலும் சொல்வேன். சமோவாவில் மனிதர்கள் என்ன சாப்பிடுகிறார்கள் என்று கேட்டால் தெரியாது. கேட்டுப் பார்க்கவேண்டும் என்றுகூட ஒருநாளும் தோன்றியதில்லை.

சொல்லைப் பிரித்துப் பார்க்கலாம். ‘ஃபாக்’ என்றால் ஜெர்மனில் துறை, பாடம். அதற்கு முந்தைய அர்த்தம் அலமாரியில் தடுத்து வைத்த ஓர் அறை. ‘இடியட்’ கிரேக்கத்திலிருந்து வந்தது. அங்கே ‘இடியோட்டெஸ்’ என்றால் முதலில் முட்டாள் இல்லை. பொதுக் காரியங்களில் பங்கெடுக்காமல் தன்பாட்டில் இருக்கும் தனி ஆள். ஆக, வேரின்படி பார்த்தால் இந்தச் சொல் ஒருவரின் அறிவைத் திட்டவில்லை. தன் அறைக்குள் போய் ஊரிலிருந்து கதவைச் சாத்திக்கொண்டதைத் திட்டுகிறது.

மார்க்ஸ் 1847இல், புரூதோனுக்கு எதிராகப் பிரெஞ்சில் எழுதிய ‘தத்துவத்தின் வறுமை’யில், வேலைப் பிரிவினை நிபுணத்துவங்களோடு சேர்த்துத் தொழில்சார்ந்த ஒருவகை மூடத்தனத்தையும் உற்பத்தி செய்கிறது என்கிறார். 1960களின் மேற்கு ஜெர்மன் மாணவர்கள் ‘ஃபாக்இடியோட்’ என்பதைப் பேராசிரியர்கள்மேல் எறியும் கல்லாக்கினார்கள். உங்கள் பாடம் இருக்கட்டும், அது இந்த உலகத்தில் யாருக்கு வேலை செய்கிறது என்பது அவர்கள் கேள்வி. டச்சிலும் இதே அமைப்பில் ஒரு சொல் உண்டு, அங்கே அதைப் பல நேரம் செல்லமாகவும் சொல்வார்கள். ஜப்பானியரிடம் ‘சென்மோன் பாக்கா’ இருக்கிறது. நிபுணத்துவம், மடையன் என்ற இரண்டையும் அப்படியே ஒட்டவைத்த சொல்.

தமிழில்? கிணற்றுத் தவளை என்பார்கள். அது சரியாக வராது. தவளை தன் கிணறுதான் உலகம் என்று நம்புகிறது. நம் ஆளுக்குக் கடல் இருப்பது தெரியும், அக்கறை இல்லை. அவன் கிணறும் நிஜமாகவே ஆழமானது. ஏட்டுச் சுரைக்காயும் பொருந்தாது. இவன் சுரைக்காய் கறிக்கு உதவும், நன்றாகவே உதவும். அதனால்தானே சம்பளம் தருகிறார்கள்.

இந்தச் சொல் பிரபலமாவதற்கு வெகுகாலம் முன்பே இந்த ஆளை முழுசாக வரைந்தவர் செகாவ். 1889இல் வெளியான அந்த நெடுங்கதையின் தலைப்பைத் தமிழில் ‘சலிப்பூட்டும் ஒரு கதை’ எனலாம். சொல்பவர் நிகொலாய் ஸ்தெபானவிச், 62 வயது மருத்துவப் பேராசிரியர், நாடறிந்த பெயர். ஆறு மாதத்துக்குமேல் தாங்கமாட்டோம் என்று அவருக்கே தெரியும். அவரிடம் பிணங்களை அறுத்துத் தயார் செய்யும் உதவியாளர் பியோத்தர் இக்னாத்யெவிச். காலையிலிருந்து இரவுவரை உழைப்பு, ஏராளமான வாசிப்பு, படித்ததெல்லாம் நினைவில். ஆனால் பேராசிரியர் அவரை வண்டி இழுக்கும் குதிரை என்கிறார். காதருகே உலகப் புகழ்பெற்ற பாடகி பாடினாலும் பூகம்பமே வந்தாலும் நுண்ணோக்கியிலிருந்து கண்ணை எடுக்கமாட்டார் என்று கேலி செய்கிறார்.

அங்கே ஒரு சின்னக் காட்சி வரும். ஸ்கோபெலெவ் இறந்துவிட்டார் என்ற செய்தியோடு பேராசிரியர் அறைக்குள் வருகிறார். துருக்கியப் போரில் பெயர் வாங்கிய தளபதி அவர், ரஷ்யாவில் அப்போது தெரியாதவர் கிடையாது. வாயிற்காவலர் நிகொலாய் உடனே சிலுவை போட்டுக்கொள்கிறார். உதவியாளரோ அது எந்த ஸ்கோபெலெவ் என்று விசாரிக்கிறார். இன்னொரு சமயம் ஒரு பேராசிரியரின் மரணத்தைச் சொல்லும்போது, அவர் என்ன பாடம் நடத்தினார் என்று கேட்கிறார். சாவைக்கூடப் பாடவாரியாகத்தான் அடுக்கத் தெரியும் அவருக்கு. அந்த அறையில் துக்கப்படத் தெரிந்தவர் எந்தத் துறையும் இல்லாத காவலர் மட்டும்தான்.

முதல் வாசிப்பில் நானும் பேராசிரியரோடு சேர்ந்து சிரித்தேன். கதை அந்தச் சிரிப்பைக் கடைசியில் நம்மிடமே திருப்பித் தருகிறது. பேராசிரியரின் வளர்ப்பு மகள்போன்றவள் காத்யா. நடிகையாகப் போனாள், தோற்றாள், குழந்தையைப் பறிகொடுத்தாள், தற்கொலைக்கும் முயன்றாள். கார்கவ் நகரத்து விடுதி அறை ஒன்றில் அவரைத் தேடி வந்து, இனி நான் என்ன செய்யட்டும் என்று அழுகிறாள். நீங்கள் அறிவாளி, வருஷக்கணக்காகப் பாடம் நடத்தியவர், சொல்லுங்கள் என்கிறாள். மனசாட்சிப்படி தனக்குத் தெரியவில்லை என்கிறார் அவர். அப்புறம், வா சாப்பிடலாம் என்கிறார்.

இதைப் படித்துவிட்டு முதல் பக்கங்களுக்குத் திரும்பினால் வேறொன்று கண்ணில் படும். பிரபஞ்சத்தின் இறுதி நோக்கத்தைவிட எலும்பு மஜ்ஜையின் கதி தனக்குச் சுவாரசியமானது என்று இதே மனிதர் ஏறக்குறையப் பெருமையாகவே சொல்லியிருப்பார். நுண்ணோக்கியில் கண் பதித்த உதவியாளரைக் கேலி செய்தவரும் இன்னும் கொஞ்சம் பெரிய நுண்ணோக்கியில்தான் இருந்திருக்கிறார். அடுத்தவரை ‘ஃபாக்இடியோட்’ என்று சொல்லும் யாருக்கும் இந்த ஆபத்து உண்டு. சொல்கிறவர் தன்னைப் பரந்த மனிதராக நினைத்துக்கொள்ள இந்தச் சொல் ரொம்ப வசதி. இலக்கியம் படிக்கிற நாம் டெக்கிகளைப் பற்றிப் பேசும் தொனியை நினைத்துப் பாருங்கள். நானே அந்தத் தொனியில் எழுதியிருக்கிறேன், டெக்கியாக இருந்துகொண்டே.

எதிர்த்தரப்பின் வலுவான வக்கீல் மாக்ஸ் வெபர். 1917 நவம்பர் 7 அன்று மியூனிக்கில் மாணவர்கள்முன் அறிவியலைத் தொழிலாக ஏற்பது பற்றிப் பேசினார். இன்று நிலைக்கக்கூடிய சாதனை என்பது எப்போதும் குறுகிய நிபுணச் சாதனைதான் என்றார். குதிரைக்குக் கட்டுவதுபோலக் கண்ணுக்கு இருபுறமும் மறைப்புக் கட்டிக்கொண்டு, ஒரு சுவடியின் ஒரே ஒரு இடத்தை எப்படி வாசிப்பது என்பதில் தன் ஆன்மாவின் விதியே அடங்கியிருக்கிறது என்று நம்ப முடியாதவர் இந்தப் பக்கம் வரவேண்டாம் என்றார். செகாவின் பேராசிரியர் கேலியாகச் சொன்ன அதே குதிரை, வெபரிடம் தகுதியாகிறது. இத்தனைக்கும் புரொட்டஸ்டண்ட் அறம் பற்றிய நூலின் முடிவில், ஆன்மா இல்லாத நிபுணர்கள் வரப்போகிறார்கள் என்று கசந்து எழுதியவரும் இவர்தான். இரண்டையும் ஒரே ஆள் சொன்னதில் முரண் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. ஆழத்துக்கு விலை உண்டு என்று அறிந்தவர் அவர், அவ்வளவே.

அதே உரையில் டால்ஸ்டாயின் கேள்வியையும் வெபர் எடுக்கிறார். நாம் என்ன செய்யவேண்டும், எப்படி வாழவேண்டும் என்பதற்கு அறிவியல் பதில் சொல்வதில்லை என்பதை ஒப்புக்கொள்கிறார். வகுப்பு மேடையில் நிற்பவர் தீர்க்கதரிசி வேஷம் போடக்கூடாது என்கிறார். ஆக, வெபர் கணக்கில் நிகொலாய் ஸ்தெபானவிச்சின் ‘தெரியவில்லை’ நேர்மையான பதில்.

இங்கேதான் நான் வெபரைவிட்டுச் செகாவ் பக்கம் நகர்கிறேன். காத்யா கேட்டது வகுப்பில் இல்லை. விடுதி அறையில், அழுதுகொண்டே கேட்டாள். மேடையில் நேர்மையாக இருக்கும் ஒரு வாக்கியம் அந்த அறையில் கதவைச் சாத்துவதாக ஆகிவிடுகிறது. அவளுக்கு வேண்டியிருந்தது ஒரு கோட்பாடா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. யாராவது அந்தக் கேள்விக்குள் தன்னோடு கொஞ்ச நேரம் உட்கார வேண்டும் என்று கேட்டாள். ‘இடியோட்டெஸ்’ என்பவன் பதில் தெரியாதவன் இல்லை. கேள்வி நடக்கும் இடத்துக்கே வராதவன்.

போன வருடம் ஒரு ராத்திரி பதினொன்றரைக்கு என் சித்தி பெண் கூப்பிட்டாள். ஆராய்ச்சிப் படிப்பில் நான்காம் வருடம், ஊரில் சித்தப்பாவுக்கு உடம்பு சரியில்லை. “அண்ணா, நான் என்ன பண்ணட்டும்? விட்டுட்டு வந்துடட்டுமா?” என்றாள். நான் லேப்டாப்பைத் திறந்தேன். உதவித்தொகை இவ்வளவு, மருத்துவச் செலவு இவ்வளவு, இத்தனை மாதம் தாங்கும் என்று கட்டம்போட்டுச் சொன்னேன். கணக்கில் ஒரு பிழை கிடையாது. அவள் கொஞ்ச நேரம் பேசவில்லை. “சரிண்ணா, வெச்சிடறேன்” என்றாள். அப்போது என் வாயில் வந்தது, “சாப்பிட்டியா?”

நம் ஊரில் அந்தக் கேள்வி அன்புதான். வேறொன்றும் சொல்லத் தெரியாதபோது கேட்பதும் அதைத்தான். எனக்கு எது என்று அவளுக்குத் தெரிந்திருக்கும்.

கதையை எழுதியபோது செகாவுக்கு 29 வயது. அவரே மருத்துவர். அடுத்த வருடம், 1890இல், சைபீரியாவைக் கடந்து சகலின் தீவின் தண்டனைக் குடியிருப்புகளுக்குப் போனார். கைதிகளையும் குடியேறிகளையும் வீடுவீடாகச் சந்தித்து, ஆளுக்கு ஓர் அட்டை என்று மக்கள்தொகைக் கணக்கெடுத்தார். பெயர், வயது, வந்த வருடம், எழுதப் படிக்கத் தெரியுமா, இப்படி ஆயிரக்கணக்கான அட்டைகள். இதைவிடக் குறுகிய, சலிப்பூட்டும் வேலை என்ன இருக்கிறது? ஆனால் அட்டையை நிரப்ப ஒவ்வொரு குடிசைக்குள்ளும் போய் எதிரே இருக்கும் ஆளிடம் பேசியாகவேண்டும். வேலை குறுகியதாக இருப்பதும் மனிதன் குறுகிப்போவதும் வேறுவேறு என்பதற்கு எனக்கு இதைவிட நல்ல சான்று தெரியவில்லை.

ஃபாக்இடியோட்டைத் தமிழாக்க ‘துறைமூடன்’ என்று எழுதிப் பார்த்தேன். ஒட்டவில்லை. காரணம் பிறகுதான் புரிந்தது. ஜெர்மன்காரர் அறிவை அலமாரி அறையில் வைக்கிறார். தமிழில் துறை என்றால் ஆற்றில் இறங்கும் இடம். ஒரு கலையை முழுதும் கற்றவரைத் துறைபோகியவர் என்கிறது பழந்தமிழ். படித்துறையில் நின்றால் அடுத்த துறையில் துணி துவைப்பவர் தெரிவார், அவர் கூப்பிட்டால் கேட்கும். ஆறு ஒன்றுதான். அங்கே நின்று மூடனாக இருக்க, முதுகைத் திருப்பிக்கொண்டு நிற்கவேண்டும்.

தங்கச்சியை மறுவாரம் நான் கூப்பிட்டேன். லேப்டாப்பை மூடி வைத்துவிட்டு, சித்தப்பா எப்படி இருக்கிறார் என்று முதலில் கேட்டேன். முக்கால் மணி நேரம் அவள்தான் பேசினாள். என்ன செய்யவேண்டும் என்று அன்றும் எனக்குத் தெரியவில்லை.