ஊமைப்படத்தில் உழைப்பின் வேகம்

பழைய ஊமைப்படங்களில் மனிதர்கள் துள்ளித் துள்ளி நடப்பதைக் கண்டிருப்பீர்கள். அது அவர்களது இயல்பன்று.

1913இல் 'ராஜா ஹரிச்சந்திரா'வை அளித்த தாதாசாகேப் பால்கே, 1917இல் திரைப்படம் உருவாகும் முறையையே ஒரு குறும்படமாக்கினார். அதில் எஞ்சிய பகுதியைத் திருவண்ணாமலையில் என் மாணவர்களுக்குக் காட்டினேன். பால்கே நடிகர்களை இயக்குகிறார். படச்சுருளைக் கையிலெடுத்து ஆராய்கிறார். 'எப்படி' என்பதைப் பேச்சின்றியே புரியவைப்பது இப்படத்தின் சிறப்பு. 'ஏன்' என்பதைச் சொல்லாதது குறை. அது ஆசிரியரின் பொறுப்பாகிறது.

ஆனால் மாணவர்கள் சிரித்தார்கள். காரணம் என்ன? கையால் சுழற்றிய அக்காலக் கருவி, விநாடிக்கு ஏறத்தாழ 16 படங்களைப் பதித்தது. அவற்றைப் பேசும்பட வேகமான 24இல் ஓட்டினால், ஒரு நிமிட வேலை 40 விநாடியில் முடிந்துவிடும். கிரிவலம் வருவோரை இவ்வாறு காட்டினால், நடப்பவர்கள் ஓடுவதாகவே தோன்றும்!

கணினியில் வேகத்தைக் குறைத்து மீண்டும் காட்டினேன். சிரிப்பு அடங்கியது, கைகளின் நிதானம் புலப்பட்டது. 1904இல் அமெரிக்க வெஸ்டிங்ஹவுஸ் ஆலைகளில் எடுத்த படங்களுக்கும் இது பொருந்தும். தொழிலைக் காட்டும் படத்தில் காலமும் ஓர் அளவு. அது தவறினால், உழைப்பு வேடிக்கையாகிவிடும்.