முற்றும்மை இல்லாத தீர்மானம்: 1967 போருக்குப் பிந்தைய 242ஆம் தீர்மானத்தின் மொழியும் வல்லரசுப் போட்டியும்

ஆய்வுச்சுருக்கம்

1967ஆம் ஆண்டு ஜூன் மாதம் நிகழ்ந்த அரபு–இஸ்ரேல் போருக்குப் பின் ஐ.நா. பாதுகாப்பு அவை நிறைவேற்றிய 242ஆம் தீர்மானம், மேற்காசிய அமைதிப் பேச்சுகள் பலவற்றுக்கும் அடிப்படை ஆவணமாகும். அதன் படைவிலகல் தொடரிலுள்ள பொருள்மயக்கம் அரை நூற்றாண்டுக்கும் மேலாக விவாதிக்கப்படுகிறது. அம்மயக்கம் மொழிக் குறையால் விளைந்ததன்று என்பதையும், இரு வல்லரசுகள் உடன்படுவதற்குக் கொடுக்கப்பட்ட விலையே அது என்பதையும், அவ்விலையைச் செலுத்தியோர் அவ்வரசுகள் அல்லர் என்பதையும் இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

திறவுச்சொற்கள்: 242ஆம் தீர்மானம், பொருள்மயக்கம், முற்றும்மை, வல்லரசுப் போட்டி, பாலஸ்தீனர்.

முன்னுரை

அரசுகளுக்கிடையிலான ஆவணங்களைச் சட்ட நூலார் ஒருவகையிலும் வரலாற்றாசிரியர் பிறிதொரு வகையிலும் படிப்பர். அவை சொற்களால் ஆன உரைகள் என்பதால் திறனாய்வுக்கும் உரியவை. ஒரு சொல் ஏன் இடம்பெற்றது, ஏன் விலக்கப்பட்டது என்னும் வினாக்கள் செய்யுளுக்குப் பொருந்துவது போலவே தீர்மானத்துக்கும் பொருந்தும். வேறுபாடு ஒன்றுண்டு. செய்யுளில் பொருள்மயக்கம் சுவைக்கு இடமளிக்கும்; தீர்மானத்தில் அது நிலத்தையும் அந்நிலத்தில் வாழும் மக்களையும் பற்றியது.

போரும் போட்டியும்

ஜூன் 5 முதல் 10 வரை நடந்த போரில் சினாய், காசா, கிழக்கு ஜெருசலேம் உள்ளிட்ட மேற்குக்கரை, கோலான் மேடு ஆகியன இஸ்ரேலின் வசமாயின. ஜூன் 10 அன்று சோவியத் ஒன்றியம் இஸ்ரேலுடனான தூதுறவைத் துண்டித்தது. அம்மாத இறுதியில் அமெரிக்க அதிபர் ஜான்சனும் சோவியத் பிரதமர் கோசிகினும் கிளாஸ்பரோ நகரில் சந்தித்தும் உடன்பாடு எட்டப்படவில்லை. ஐ.நா. பொதுப்பேரவையின் அவசரக்கால அமர்வில் இலத்தீன் அமெரிக்க நாடுகள் கொணர்ந்த வரைவு, கைப்பற்றப்பட்ட நிலப்பகுதிகள் 'அனைத்திலிருந்தும்' விலகல் வேண்டும் என்றது. மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு கிட்டாமையால் அது நிறைவேறவில்லை. செப்டம்பரில் கார்ட்டூமில் கூடிய அரபுத் தலைவர்கள் இஸ்ரேலுடன் அமைதியில்லை, ஏற்பில்லை, பேச்சுவார்த்தையில்லை என அறிவித்தனர்.

இந்நிலையில் இரு வல்லரசுகளுக்கும் ஒரு தீர்மானம் தேவைப்பட்டது. அரபு நட்பு நாடுகள் தோற்றதால் குலைந்த மதிப்பை மீட்கச் சோவியத் தரப்பு படைவிலகலை வற்புறுத்தியது. வியட்நாம் போரில் சிக்கியிருந்த அமெரிக்கா, முழு அமைதிக்கு ஈடாக அன்றி விலகல் நிகழக்கூடாது எனக் கருதியது. ஒரே உரையில் இரு நோக்கங்களும் அடங்க வேண்டியிருந்தது.

வரைவுகளில் ஒரு சொல்லின் பயணம்

நவம்பர் 7 அன்று பாதுகாப்பு அவையின் முன் இரு வரைவுகள் வைக்கப்பட்டன. இந்தியா, மாலி, நைஜீரியா ஆகிய மூன்று நாடுகளின் வரைவு, அண்மைப் போரில் கைப்பற்றப்பட்ட எல்லா நிலப்பகுதிகளிலிருந்தும் விலகல் என்றது. அமெரிக்க வரைவில் 'எல்லா' என்பது இல்லை. நவம்பர் 16 அன்று பிரித்தானியத் தூதர் காரடன் பிரபு மூன்றாவது வரைவை அளித்தார். அதில் 'எல்லா' என்பதும் இல்லை; ஆங்கிலத்தில் குறித்த பொருளைச் சுட்டும் 'தி' என்பதும் இல்லை. நவம்பர் 20 அன்று சோவியத் தூதர் குஸ்னெட்சோவ், ஜூன் 5க்கு முன்பிருந்த நிலைகளுக்குத் திரும்புதல் எனத் தெளிவாகக் கூறும் வரைவொன்றை முன்வைத்தார். எனினும் நவம்பர் 22 அன்று பிரித்தானிய வரைவே 15 உறுப்பினராலும் ஒருமனதாக ஏற்கப்பட்டது.

வாக்கெடுப்பு நாளில் இந்தியாவின் சார்பில் பேசிய ஜி. பார்த்தசாரதி சென்னையில் இதழாளராகப் பணியாற்றிப் பின் தூதரானவர். இத்தீர்மானம் எல்லா நிலப்பகுதிகளிலிருந்தும் முழுமையான விலகலுக்கு அவையைக் கட்டுப்படுத்துகிறது என்பதே இந்தியாவின் புரிதல் என்றுரைத்த அவர், 'எல்லா' என்பதை மீண்டும் ஒருமுறை அழுத்திச் சொன்னார். உரையில் இல்லாத சொல்லை அவைக்குறிப்பில் பதிவுசெய்யும் முயற்சி இது. சோவியத் தூதரும் அவ்வாறே பொருள்கொண்டார். இஸ்ரேலிய வெளியுறவு அமைச்சர் அப்பா எபான் அதை ஏற்கவில்லை. பிரித்தானியத் தூதரோ உரை தனக்குத்தானே பேசும் என்னும் நிலையில் நின்றார். பிற்காலத்தில் அவரே, அச்சொல் விடுபட்டது தற்செயலன்று என விளக்கினார். ஒருமனதாக ஏற்கப்பட்ட தீர்மானம் ஏற்கப்பட்ட நாளிலேயே இருவேறு பொருள் கொண்டிருந்தது.

இலக்கண வாதத்தின் எல்லை

இரு தரப்பாரும் தம் கொள்கையை இலக்கணத்தின்மேல் நிறுத்தினர். ஆங்கில உரையில் 'தி' இன்மையால் விலகல் முழுமையானதன்று என்பது ஒரு வாதம். பிரெஞ்சு உரையில் அவ்விடத்துச் சுட்டுச்சொல்லும் கலந்து நிற்பதால் கைப்பற்றிய நிலப்பகுதிகள் என்னும் குறித்த தொகுதியே பொருள் என்பது மறுவாதம்.

சுட்டுச்சொல்லைப் பெயர்க்கு முன் கட்டாயமாக வேண்டாத தமிழில் இச்சிக்கலை வைத்துப் பார்த்தல் பயன்தரும். 'அண்மைப் போரில் கைப்பற்றிய நிலப்பகுதிகளிலிருந்து விலகல்' எனத் தமிழாக்கினால், 'கைப்பற்றிய' என்னும் பெயரெச்சம் நிலப்பகுதிகளுக்கு அடையாகிறது. இது கைப்பற்றியவற்றைக் கைப்பற்றாதவற்றினின்று பிரிக்கிறதேயன்றி, கைப்பற்றியவற்றுள் சிலவற்றைப் பிறவற்றினின்று பிரிப்பதில்லை. 'இரவல் வாங்கிய நூல்களைத் திருப்பித் தருக' என்னுமிடத்துச் சில நூல்களைத் தந்தால் போதும் என்று எவரும் கொள்வதில்லை. எனவே தமிழில் இத்தொடர் இயல்பாக முழுமையையே உணர்த்தும். ஆயினும் அம்முழுமை உய்த்துணரப்படுவது. 'நிலப்பகுதிகள் யாவற்றினின்றும்' என்பதிலுள்ள முற்றும்மை போல ஐயத்துக்கு இடமின்றி விளங்குவதன்று. 242இல் இல்லாதது முற்றும்மையே.

இதனால் முழு விலகல் என்னும் பொருளே இயல்பானது என்று வாதிடலாம். போரினால் நிலம் பெறுதல் ஏற்கத்தக்கதன்று என்னும் முகவுரைத் தொடரும் அதற்குத் துணைநிற்கிறது. அதே தீர்மானம் பாதுகாப்பான, ஏற்கப்பட்ட எல்லைகள் எனக் கூறுவதால் எல்லைத் திருத்தத்துக்கு இடமுண்டு என்பார் வாதமும் முற்றாகப் புறந்தள்ளத்தக்கதன்று. வரைந்தோர் இரு திசைகளிலும் சான்று கிடைக்கும்படியே உரையை அமைத்தனர். ஆகவே இலக்கணம் இங்கு நடுவராக இயலாது; தரப்பினரின் கருவியாகவே பயன்படுகிறது.

பொருளை வரையறுத்தது எது?

ஐ.நா. சிறப்புப் பிரதிநிதியாக அமர்த்தப்பட்ட சுவீடன் தூதர் குன்னர் யாரிங், 1971 பிப்ரவரியில் இரு தரப்புக்கும் வினாக்குறிப்பு அனுப்பினார். இஸ்ரேலுடன் அமைதி உடன்படிக்கை செய்ய ஆயத்தம் என்றது எகிப்து. 1967 ஜூன் 5க்கு முந்தைய கோடுகளுக்குத் திரும்ப இயலாது என்றது இஸ்ரேல். முயற்சி முடங்கியது, 1973இல் மீண்டும் போர் மூண்டது. அப்போரின் இறுதியில் வந்த 338ஆம் தீர்மானமும் 242ஐ நிறைவேற்றுமாறே பணித்தது. மயக்கம் அப்படியே தொடர்ந்தது.

இதன்பின் நிகழ்ந்தது கருதத்தக்கது. எகிப்து மாஸ்கோவை விட்டு வாஷிங்டனை நாடியது. 1979 உடன்படிக்கையின்படி 1982 ஏப்ரலில் சினாய் திருப்பியளிக்கப்பட்டது. எஞ்சிய தாபா என்னும் சிறு கடற்கரைத் துண்டும் நடுவர் தீர்ப்பின்படி 1989இல் எகிப்தைச் சேர்ந்தது. சினாயைப் பொறுத்தவரை தீர்மானத்தில் இல்லாத முற்றும்மை நடைமுறையில் வந்து சேர்ந்தது. ஆனால் 1981 டிசம்பரில் கோலான் மேட்டுக்கு இஸ்ரேலியச் சட்டம் நீட்டிக்கப்பட்டது. சோவியத் ஆதரவில் நின்ற சிரியாவுக்கு அதே தொடர் எதையும் பெற்றுத்தரவில்லை. ஒரே சொற்றொடர் இரு நிலங்களில் இரு பொருள் பெற்றது. இவ்வேறுபாட்டுக்குச் சொல் காரணமன்று. போட்டியில் அந்தந்த நாடு நின்ற இடமும் அது கொண்ட பேரமுமே காரணம்.

பேசப்படாத பெயர்

'தி' பற்றிய வாதம் மற்றொரு மௌனத்தை மறைத்துவிட்டது. 242ஆம் தீர்மானத்தில் பாலஸ்தீனர் என்னும் பெயரே இல்லை. அகதிச் சிக்கலுக்கு நீதியான தீர்வு என்பது மட்டுமே உண்டு. இது பொருள்மயக்கம்கூட அன்று. மயக்கத்தில் இரு பொருளுள் ஒன்றேனும் ஒருவருக்குச் சார்பாகும். இங்கோ ஒரு மக்களினம் சிக்கலின் பெயரால் குறிக்கப்படுகிறதேயன்றி, உரிமை கோரும் தரப்பாகக் குறிக்கப்படவில்லை. நிலங்கள் திரும்ப வேண்டுமென்ற தரப்பும் வேண்டாமென்ற தரப்பும் ஒருசேர ஏற்ற மௌனம் இது.

அம்மௌனத்தின் விளைவு கடுமையானது. பாலஸ்தீன விடுதலை இயக்கம் இஸ்ரேலின் இருப்புரிமையையும் 242, 338 ஆகிய தீர்மானங்களையும் ஏற்கும்வரை அதனுடன் பேசுவதில்லை என 1975இல் அமெரிக்கா இஸ்ரேலுக்கு உறுதியளித்தது. தம் பெயரில்லாத உரையை ஏற்பதே பேச்சுக்கூடத்துள் நுழையும் அனுமதி என அம்மக்களுக்கு விதிக்கப்பட்டது. 1988இல் அதனை ஏற்ற பின்னரே அமெரிக்காவின் நேரடிப் பேச்சு தொடங்கியது. இடைப்பட்ட 13 ஆண்டுகளை ஒரு சுட்டுச்சொல்லைச் சேர்த்திருப்பது மாற்றியிராது. ஒரு பெயரைச் சேர்த்திருப்பது மாற்றியிருக்கக்கூடும்.

முடிவுரை

ஆக்கநிலை மயக்கம் எனப் பாராட்டப்படும் உத்தி 1967இல் ஒரு பயனைத் தந்தது மெய்யே. வல்லரசுகள் ஒரே உரையில் கையுயர்த்தின. பேச்சுக்கு ஒரு பொது அடிப்படை பிறந்தது. ஆயின் வேறுபாட்டைத் தீர்க்காமல் ஒத்திவைக்கும் உரை, காலம் கடக்குந்தோறும் நிலத்தைக் கையில் வைத்திருப்பவர்க்கே துணையாகிறது. உரை பொருள் சொல்லாதவிடத்துக் கைவசமே பொருள் சொல்லும். எனவே போருக்குப் பிந்தைய ஆவணங்களை ஆராய்வோர், மயங்கும் சொல்லுக்கு எப்பொருள் சரி என்று வினவுவதோடு நிற்றல் போதாது. அம்மயக்கத்தால் யார் காத்திருக்க நேர்ந்தது, யார் பெயர் எழுதப்படாமலே போயிற்று என்னும் வினாக்களையும் எழுப்புதல் வேண்டும்.