சொல்லைத் துறந்த எழுத்தாளர்

திரைப்படத்திற்கு எழுதுவோரின் திறனை உரையாடலைக் கொண்டே அளப்பது நம்மிடையே வேரூன்றிய வழக்கம். உரையாடல் ஒலிக்காத பேசாப்படக் காலத்தில் எழுத்தாளருக்கு என்ன பணி இருந்திருக்க முடியும்? கார்ல் மாயரின் படைப்புகள் இவ்வினாவுக்குத் தக்க விடை பகர்கின்றன.

1894-இல் ஆஸ்திரியாவின் கிராட்ஸ் நகரில் பிறந்தவர் மாயர். ஹான்ஸ் யானோவிட்சுடன் இணைந்து அவர் எழுதிய 'டாக்டர் கலிகாரியின் பேழை' 1920-இல் வெளிவந்து பெரும்புகழ் ஈட்டியது. ஆயினும், கோணலாகத் தீட்டப்பட்ட அரங்குகளே அப்படத்தில் முதலில் நம் கண்ணைக் கவர்கின்றன. எழுத்தாளரின் தனித்தன்மையைக் காண, முர்னாவ் இயக்கிய 'கடைசி மனிதன்' (1924) படத்தையே நாடவேண்டும்.

ஆடம்பர விடுதியொன்றின் வாயிற்காவலர், முதுமையின் பொருட்டுக் கழிப்பறைப் பணியாளராகத் தாழ்த்தப்படுகிறார். சீருடை பறிபோகிறது. அதனை அணிந்திருந்தவரை மதித்துப் போற்றிய அண்டை வீட்டார், உண்மை தெரிந்ததும் எள்ளி நகைக்கின்றனர். மதிக்கப்பட்டது மனிதனா, உடையா என்னும் வினாவை எவரும் வாய்திறந்து கேட்பதில்லை. எமில் யானிங்ஸின் கூனிய முதுகே கேட்கிறது. பாத்திரங்களின் பேச்சைத் தெரிவிக்கும் எழுத்தட்டைகளை மாயர் அறவே விலக்கினார். ஒளிப்பதிவுக் கருவியின் அசைவையும் தம் எழுத்திலேயே கருதிப் பார்த்தார்.

எனினும் ஒரு குறையைச் சுட்டாதிருத்தல் நேர்மையாகாது. இறுதியில், எதிர்பாராப் பெருஞ்செல்வம் கிழவரை வந்தடைகிறது. அம்முடிவை அறிமுகப்படுத்த மட்டும் ஓர் எழுத்தட்டை தோன்றி, வாழ்க்கையில் இவ்வாறு நிகழாதென ஒப்புக்கொள்கிறது. துயரத்தை உணர்த்தச் சொல் தேவைப்படவில்லை. நம்பவியலாத இன்பத்தை ஒட்டவைக்கவே தேவைப்பட்டது! படத்தின் இக்குறையே மாயரின் கொள்கைக்குச் சான்றாகிவிடுகிறது.

பின்னர், ஹெர்மன் சூடர்மானின் கதையைத் தழுவி 'சூரியோதயம்' (1927) படத்தை முர்னாவுக்காக எழுதினார். அமெரிக்காவில் உருவான அப்படத்திற்காக அவர் அந்நாட்டிற்குச் செல்லவில்லை. எழுத்து மட்டுமே சென்றது. யூதராகிய அவர் நாஜிகளின் ஆட்சிக் காலத்தில் இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்தார். அங்கே ஆவணப்படத் துறையினருக்கு ஆலோசனை கூறி வாழ்ந்து, 1944-இல் லண்டனில் வறுமையில் மறைந்தார்.

சொல்லைப் பெருக்குவது மட்டும் எழுத்தன்று. எங்கே சொல் வேண்டாமென அறிவதும் எழுத்தே. இலக்கியம் பயிலும் மாணவர் மாயரிடம் கற்கத்தக்க பாடம் இதுவாகும்.