துணைநடிகனின் நாக்கு: டெல்லி கணேஷை முன்வைத்து

தமிழ்ப் படத்தில் கதாநாயகன் எந்த ஊர்க்காரன் என்று பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை. ஊரையும் சாதியையும் சுமக்கிற வேலை துணைநடிகன் தலையில்தான் விழுகிறது. பெயர், உச்சரிப்பு, வேட்டி கட்டும் விதம் என்று அவன் உடம்பே ஒரு வட்டார அடையாளமாக ஆக்கப்படுகிறது. 2024 நவம்பரில் மறைந்த டெல்லி கணேஷை நான் இந்த இடத்தில் வைத்தே வாசிக்கிறேன்.

1944இல் வல்லநாட்டில் பிறந்து, பத்து வருஷம் விமானப் படையில் இருந்து, டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்து, கே. பாலசந்தரின் 'பட்டினப் பிரவேசம்' (1977) வழியாகத் திரைக்கு வந்தவர். நானூறு படங்களுக்கு மேல். கூடவே தொலைக்காட்சித் தொடர்கள். பெயரில் இருக்கும் 'டெல்லி' பிறந்த ஊரல்ல, நாடக மேடை கொடுத்த முகவரி.

துரையின் 'பசி'யில் (1979) அவர் ரிக்சா இழுக்கும் தகப்பன். நெல்லைச் சீமைப் பிராமணர் சென்னைச் சேரித் தமிழ் பேசுகிறார், நாம் நம்புகிறோம். பேச்சு பிறப்பில் ஒட்டிக்கொண்டு வருவதல்ல, காதால் கற்பது என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்? ஆனால் சினிமா அவரைத் திரும்பத் திரும்பப் பிறப்பின் நாக்குக்கே அனுப்பிவைத்தது: 'நாயக'னில் (1987) ஐயர், 'மைக்கேல் மதன காமராஜ'னில் (1990) பாலக்காட்டு மணி ஐயர், 'அவ்வை சண்முகி'யில் (1996) சேதுராம ஐயர். 'அபூர்வ சகோதரர்கள்' (1989) வில்லன் மாதிரி விலக்குகள் உண்டுதான். என்றாலும் எங்க அரியலூர்ப் பக்கம் அவருக்குப் பேரு 'அந்த ஐயரு' தான்.

அந்தக் கூண்டுக்குள்ளும் அவர் சும்மா இருக்கவில்லை. 'நாயக'னின் ஐயர் கடத்தல்காரன் நிழலில் வாழ்பவர். ஆசாரத்துக்கு அங்கே இடமில்லை. கல்யாணச் சாம்பாரில் மீன் விழுகிறபோது மணி ஐயர் படும் பதற்றத்துக்கு நாமும் வயிறு வலிக்கச் சிரித்தோம். யோசித்தால், அங்கே தீட்டாவது நம் வீட்டுக் குழம்பில் கிடக்கிற மீன். சிரிப்பு நம்மைப் பார்த்தா, தீட்டைப் பார்த்தா? அவருடைய நடிப்பு அதைத் தீட்டின் பக்கம் திருப்பிவிடுகிறது என்பது என் வாசிப்பு. பிரதி ஒன்றைச் சொல்ல, நடிகனின் முகம் இன்னொன்றைச் சொல்லிவிடுகிறது.

இனி நம்ம சங்கதி. மதுரைக்கும் கோவைக்கும் நெல்லைக்கும் திரையில் நாக்கு கிடைத்துவிட்டது. அரியலூரில் சுண்ணாம்புக்கல் லாரி ஓட்டுகிறவனும், செட்டிகுளத்தில் சின்ன வெங்காயம் ஆய்கிற பொம்பளையும் பேசுகிற தமிழை எந்தக் குணச்சித்திர நடிகரும் பேசி நான் கேட்டதில்லை. 'கிராமத்தான்' என்ற பொது மூட்டைக்குள் அதையும் போட்டுக் கட்டிவிடுகிறார்கள். அந்த மண்ணில் பிறந்த நடிகன் கிடைக்கவில்லை என்ற சமாதானம் எடுபடாது. 'பசி' அதை 1979லேயே பொய்யாக்கிவிட்டது. நாக்குக்குப் பஞ்சமில்லை. எழுதுகிறவனும் இயக்குகிறவனும் இந்தப் பக்கம் காது கொடுக்கவில்லை, அவ்வளவுதான்.